பின்னால் நிற்கிறவர்கள்

இஞ்ஞாசி பாரீசில் நடித்த முதல் வேஷம், அந்தப் படம் எந்தக் கொட்டகைக்கும் போவதற்கு முன்னாலேயே, மாயவரத்திலிருந்து வரும் மத்தியான பஸ்ஸில் காரைக்காலுக்கு வந்து இறங்கி, யாரிடமும் வழி கேட்காமல் நடந்து, மாதாக்கோயில் வீதியில் இருந்த அவனுடைய வீட்டுக்குள் நுழைந்து, கூடத்துச் சுவரோரமாகப் போய் நின்றுகொண்டது. வெள்ளைக் கோட்டு, கழுத்தில் கறுப்பு முடிச்சு, இடது முழங்கையில் மடித்துப் போட்ட துண்டு, வலது கையில் பளபளக்கும் தட்டு, தட்டில் ஒன்றுமில்லை. முகம் மட்டும் அச்சு அசலாக இஞ்ஞாசியின் முகம்.

கொல்லையில் மீன் அலசிக்கொண்டிருந்த மதலேன், கல்யாணமான வருஷமே தன்னை விட்டுவிட்டு விமானம் ஏறிப்போன புருஷன் சொல்லாமல் கொள்ளாமல் வந்துவிட்டான் என்று நினைத்து, செதில் ஒட்டிய கையோடு ஓடிவந்து அவன் கையைப் பிடித்தாள். அந்தக் கையில் சூடும் இல்லை, குளிர்ச்சியும் இல்லை. வந்தவன் அவளைப் பார்க்கவில்லை. அவளுடைய தோளுக்கு மேலே, அங்கே யாரோ பெரிய மனிதர் உட்கார்ந்திருக்கிற பாவனையில் பார்த்து, லேசாகத் தலையைக் குனிந்து, "தூ சுயித், முசியே" என்றான்.

இதோ கொண்டுவருகிறேன் ஐயா என்று அர்த்தம். பிரெஞ்சுப் பட்டாளத்தில் இருந்துவிட்டு வந்த சொல்தாக்களின் குடும்பங்கள் நிறைந்த அந்த வீதியில் அவ்வளவு பிரெஞ்சு கோழிகளுக்கும் தெரியும். மதலேனுக்கும் தெரிந்தது. ஆனாலும் அவள் பலகை போட்டு, சோறு வைத்து, குழம்பு ஊற்றி, முன்னால் உட்கார்ந்து பார்த்தாள். வந்தவன் சோற்றைக் கிளறினான், ஒரு கவளத்தை வாய்வரைக்கும் கொண்டுபோனான், தாடையை அசைத்தான், தண்ணீர்ச் செம்பைத் தூக்கி உதட்டில் வைத்து இறக்கினான். எழுந்து போன பிறகு பார்த்தால் வைத்த சோறு வைத்தபடி இருந்தது, செம்பில் தண்ணீர் ஒரு சொட்டுக் குறையவில்லை. அப்போதுதான் அவளுக்கு அழுகை வந்தது.

அந்த வாரக் கடைசியில் பக்கத்து வீட்டு டெலிபோனுக்கு இஞ்ஞாசி பேசினான். பக்கத்து வீடு மரைக்காயர் வீடு. அந்த வீட்டுக் கதீஜா நாச்சியாவை மதலேன் கூடப்பிறந்த அக்காளைப்போல லாத்தா என்றுதான் கூப்பிடுவாள்.

"மதலேனு, சினிமாவுல நடிச்சிட்டேன் புள்ள! மார்க்கெட்டுல காய்கறிப் பெட்டி தூக்கிக்கிட்டு இருந்தவன, வாடான்னு கூப்ட்டு கோட்டு மாட்டி விட்டுட்டானுவ."

"படத்துல ஒங்க பேரு என்னங்க?"

கடல் இரைகிற சத்தத்துக்கு நடுவில் அவன் குரல் வந்தது.

"பேரெல்லாம் இல்ல. வெயிட்டரு. அம்புட்டுத்தான்."

"அந்த வெயிட்டரு இங்க வந்து கூடத்துல நிக்கிறாரு."

அவன் ஆச்சரியப்படவில்லை. "நிக்கட்டும். நான் இருக்குற ரூமுல எனக்கே எடமில்ல" என்றான். பிறகு குரலைத் தாழ்த்திக்கொண்டு சொன்னான்: "பேரோட ஒரு வேஷம், ஒண்ணே ஒண்ணு, கெடைக்கட்டும். அன்னிக்கே கௌம்பி வந்துர்றேன். மாதா மேல சத்தியம். பேரில்லாம ஊருக்குள்ள எந்த மூஞ்சிய வச்சிக்கிட்டு வர்றது?"

மதலேன் டெலிபோனை வைத்துவிட்டு வந்து, கூடத்தில் நின்ற வெயிட்டரின் கோட்டில் ஒட்டியிருந்த பஸ் புழுதியைத் தட்டிவிட்டாள். அன்றிலிருந்து அவள் காத்திருந்தது ஒரே ஒரு பெயருக்காகத்தான்.

அதற்குப் பிறகு அவர்கள் வந்துகொண்டே இருந்தார்கள். ஓட்டல் வாசலில் கதவு திறக்கிறவர் வந்தார், டாக்சிக்காரர் வந்தார், பூ விற்கிற அரபிக்காரர் வந்தார், கைதி வந்தார், கைதியைப் பிடித்துப்போகிற போலீஸ்காரரும் அடுத்த பஸ்ஸிலேயே வந்தார், பேசவே பேசாமல் பத்திரிகை படிக்கிற ஒருவர் வந்து அதே பக்கத்தை வருஷக்கணக்கில் படித்துக்கொண்டு நின்றார். எல்லார் முகமும் இஞ்ஞாசி முகம். வர வர ஒவ்வொரு முகத்திலும் கொஞ்சம் வயது கூடியிருந்தது. புருஷனுக்கு முன்நெற்றி ஏறிவிட்டது என்பதையும், கண்ணுக்குக் கீழே பை விழுந்துவிட்டது என்பதையும் மதலேன் இப்படித்தான் தெரிந்துகொண்டாள்.

அவர்கள் ஏன் வருகிறார்கள், எப்படி வருகிறார்கள் என்று ஊர் ரொம்ப மண்டையை உடைத்துக்கொள்ளவில்லை. பாரீசிலிருந்து சிலருக்குப் பென்ஷன் வருகிறது, சிலருக்கு சென்ட் பாட்டில் வருகிறது, மதலேனுக்கு இது வருகிறது என்று விட்டுவிட்டார்கள். நிக்கிறவங்க என்று பெயரும் வைத்துவிட்டார்கள். உட்காரச் சொன்னால் உட்கார மாட்டார்கள், கூடத்தின் நடுவுக்கு வர மாட்டார்கள், இரண்டு பேர் பேசிக்கொண்டிருந்தால் சத்தமில்லாமல் நகர்ந்து வந்து அவர்களுக்குப் பின்னால், முகம் பாதி தெரிய, வெளிச்சத்தை மறைக்காமல் நிற்பார்கள். முதலில் இதற்கு மிரண்ட பெண்கள், போகப்போக, பின்னால் யாரும் வந்து நிற்காவிட்டால் பேச்சில் சுவை இல்லை என்று சொல்லத் தொடங்கினார்கள்.

ஊர் அவர்களை வீணாக விடவில்லை. உறவு குறைந்த மாப்பிள்ளை வீட்டார் வந்து, "மதலேனம்மா, ஒரு பத்துப் பேர அனுப்பி வையுங்க, போட்டோவுல நெறஞ்சாப்புல இருக்கும்" என்று கேட்டு அழைத்துப்போவார்கள். ஆள் சேராத கட்சிக் கூட்டத்துக்குப் போய் நின்றார்கள். அடுத்த வாரம் எதிர்க்கட்சிக் கூட்டத்துக்கும் போய் நின்றார்கள். அழ ஆளில்லாமல் செத்தவர்களின் பாடைக்குப் பின்னால் நடந்தார்கள். பெரிய வியாழனன்று போடும் பாஸ்கா நாடகத்தில் ஜனக்கூட்டமாக அவர்களை நிறுத்திப் பார்த்த பங்குச்சாமியார், ஏசுவைச் சிலுவையில் அறையச் சொல்லிக் கத்த வேண்டிய இடத்தில் ஒருவரும் வாய் திறக்காததால் அந்த வருஷம் பிலாத்துவே சங்கடப்பட்டுப்போனதாக ரொம்ப நாள் சொல்லிச் சிரித்துக்கொண்டிருந்தார்.

ஒரு தடவை பாரீசிலிருந்து லீவில் வந்த யாரோ ஒரு வீடியோ கேசட்டைக் கொண்டுவந்தார்கள். வீதியே கதீஜா நாச்சியாவின் கூடத்தில் கூடியது. படம் ஓடி ஓடி, ஒரு ஓட்டலில் கதாநாயகனும் கதாநாயகியும் சண்டை போடுகிற இடத்தில், பின்னால் வெள்ளைக் கோட்டு ஒன்று தெரிந்தது. "நிறுத்து நிறுத்து" என்று எல்லாரும் கத்த, படம் நடுங்கிக்கொண்டே நின்றது. கதாநாயகனின் காதுக்கும் ஒரு பூச்சாடிக்கும் நடுவில், துண்டு போட்ட ஒரு முழங்கையும் அரை முகமும். ஜனங்கள் கைதட்டினார்கள். மதலேன் மட்டும் ஏதோ தோன்றித் திரும்பிப் பார்த்தாள். கூட்டத்துக்குப் பின்னால், கதவோரமாக, வெயிட்டர் வந்து நின்றுகொண்டிருந்தார். டிவியில் முகத்தின் எந்தப் பாதி தெரிந்ததோ அதே பாதிதான் இங்கேயும் வெளிச்சத்தில் இருந்தது.

நிக்கிறவங்களோடு பேசக் கூடாது என்கிற வழக்கம் பிரெஞ்சு வாத்தியாரால் வந்தது. வாத்தியார் மரியாதை தெரிந்தவர். ஒரு கட்சிக் கூட்டத்தில் நின்றுவிட்டுத் திரும்பிய போலீஸ்கார இஞ்ஞாசி கடைத்தெருவில் எதிரே வந்து, "சிர்க்யூலே, முசியே", நிற்காமல் போங்கள் ஐயா, என்று தன் வசனத்தைச் சொன்னபோது, சும்மா போயிருக்கலாம். வாத்தியார் தொப்பியைத் தூக்கி, "ஆகட்டும் ஐயா, போகிறேன்" என்று பிரெஞ்சில் பதில் சொல்லிவிட்டார். உடனே போலீஸ்காரர் முதல் அடியிலிருந்து மறுபடி நடந்து வந்து அதே வசனத்தைச் சொன்னார். வாத்தியார் மறுபடி பதில் சொன்னார். அவ்வளவுதான், அது நிற்கவே இல்லை. வாத்தியார் வாயை மூடிக்கொண்ட பிறகும் அது நிற்கவில்லை. வீட்டுக்குப் போனால் வீட்டு வாசலில், கோயிலுக்குப் போனால் நற்கருணை வரிசையில், சிர்க்யூலே, முசியே. போலீஸ்காரருக்குக் குரல் கம்மி, உதடு வெடித்து, ஆனாலும் முகத்தில் அதே கடுகடுப்பு. வாத்தியார் கும்பகோணத்து மகள் வீட்டுக்கு ஓடிப்போன பிறகுதான் அது அடங்கியது. பதில் கிடைக்காதவரை ஒரு தடவையோடு ஓய்ந்துபோகிறவர்கள், பதில் கிடைத்துவிட்டால் விட மாட்டார்கள் என்று ஊர் தெரிந்துகொண்டது. அதன் பிறகு பேச்சுப் பழகும் குழந்தைகளுக்கே, நிக்கிறவங்க ஏதாவது சொன்னால் வாயைப் பொத்திக்கொள்ள வேண்டும் என்று சொல்லிக் கொடுத்தார்கள்.

டாக்டர் வந்தபோதுதான் ஊருக்கு முதல் தடவையாகப் பயம் வந்தது. கழுத்தில் குழாய், சட்டைப்பையில் பேனா, சோகமான கண். "தெசொலே, மதாம்", மன்னியுங்கள் அம்மா, என்பதுதான் அவருடைய வசனம். மற்ற நிக்கிறவங்க, யாராவது கூப்பிட்டால்தான் வெளியே போவார்கள். டாக்டர் தானாகப் போவார். ஏதாவது ஒரு வீட்டு வாசலில் போய் நிற்பார், ஜன்னலைப் பார்ப்பார், வசனத்தைச் சொல்லிவிட்டுத் திரும்பி வந்துவிடுவார். அந்த வீட்டில் அடுத்த நாளோ அதற்கடுத்த நாளோ ஒரு சாவு விழும். யாரும் அவரை விரட்டவில்லை. அவர் வந்து நின்ற வீடுகளில் கோபித்துக்கொண்டிருந்த பிள்ளைகளுக்குச் சொல்லி அனுப்பினார்கள், சாமியாருக்கு ஆள் அனுப்பினார்கள், கோடித்துணி எடுத்து வைத்தார்கள். கதீஜா நாச்சியாவின் வாசலில் அவர் நின்ற அன்று, அவள் கதவைச் சாத்திக்கொண்டு தன் புருஷன் ஹமீது நானாவுக்குப் பிடித்த வட்டிலப்பம் செய்து, பக்கத்தில் உட்கார்ந்து ஊட்டிவிட்டாள். நானா மண்ணுக்குள் போன பிறகு மதலேன் தலை குனிந்துகொண்டு வந்து நின்றாள்.

"ஒம் புருசன் மூஞ்சிதானே புள்ள அது? நான் கோவப்படுவேனா? சொல்லிட்டுப் போனாரு. சொல்லாமப் போறவங்கதான் உலகத்துல சாஸ்தி" என்றாள் கதீஜா.

ஒருநாள் பட்டாளத்துச் சிப்பாய் வந்தார். நெஞ்சில் குண்டு பட்ட ஓட்டை, ஓட்டையைச் சுற்றி உலர்ந்த சிவப்பு. பஸ்ஸை விட்டு இறங்கி அவரே நடந்து வந்து, கூடத்து மூலையில் பெஞ்சில் ஏறிப் படுத்து, கண்ணைத் திறந்தபடி செத்துப்போனார். பங்குச்சாமியார் வந்து மூக்கில் கை வைத்துப் பார்த்தார். மூச்சு இல்லை, நாளாகியும் நாற்றமும் இல்லை. நாற்றம் இல்லாததைப் புதைக்கத் தனக்கு அதிகாரம் இல்லை என்று சொல்லிவிட்டுப் போய்விட்டார். ஆனால் இஞ்ஞாசியின் அக்கா பிலோமீன் சும்மா இருக்கவில்லை. கறுப்புச் சேலையும் அழுகையுமாக வந்து இறங்கினாள்.

"தாலிய அவுத்து வையி மதலேனு. எந்தம்பிய ஓட்டையோட கெடத்தி வச்சிக்கிட்டு நீ பொட்டும் பூவுமா திரியிறத நான் பாத்துக்கிட்டு இருக்க முடியாது."

"செத்தது சிப்பாயி, அண்ணி."

"மூஞ்சி யாரு மூஞ்சிடி?"

"மூஞ்சி அவரு மூஞ்சிதான். சாவு அவரு சாவு இல்ல. பேரோட வர்றேன்னு மாதா மேல சத்தியம் பண்ணியிருக்காரு. பேரு வரட்டும். அதுக்கப்பறம் அவரா வந்து அவுக்கச் சொன்னா அவுக்குறேன்."

பிலோமீன் அந்த வீட்டுப் படியை அதன் பிறகு மிதிக்கவில்லை. மதலேன் தாலியை அவிழ்க்கவில்லை. ஆனால் அன்று மாலை பெஞ்சுக்குப் பக்கத்தில் நின்று, திறந்தே கிடந்த அந்தக் கண்களை மூடப் பார்த்தாள். மூடமூட அவை திறந்துகொண்டன. ஒருவேளை அண்ணி சொல்வது நிஜமாக இருந்தால் என்ற நினைப்பு அவளை விட்டு அதன் பிறகு முழுசாகப் போகவே இல்லை.

டெலிபோன் வருவது குறைந்து, கிறிஸ்துமசுக்கு ஒன்று என்று ஆகி, அதுவும் நின்றுபோயிற்று. வேஷங்கள் மட்டும் வந்தன. இப்போதெல்லாம் வந்தது கிழவர்கள்தான். பாரீசுக்காரர்களுக்கு ரயிலடியில் தனியாக நிற்கிற, எந்த ஊரென்று தெரியாத ஒரு வெளிநாட்டுக் கிழவர் அடிக்கடி தேவைப்பட்டார் போலிருக்கிறது. பழுப்பு நிற நீளக் கோட்டு, நரைத்த தலை, தளர்ந்த தோள். ஒருவர்பின் ஒருவராக அப்படியே பலபேர் வந்து, கூடத்தில் இடமில்லாமல், நடைவரைக்கும் நின்றார்கள்.

அதுவரை மதலேன் ஒவ்வொரு புதியவருக்கும் முதல் நாள் இலை போட்டுப் பார்ப்பாள். சாப்பிடுகிறவர் யாரோ அவர்தான் தன் புருஷன் என்பது அவளுடைய கணக்கு. ஒவ்வொரு தடவையும் சோறு அப்படியே இருக்கும். கிழவர்கள் வரத் தொடங்கி, சோறு காக்கைக்கும் நாய்க்கும் போய்ப் போய் அலுத்து, ஒருநாள் அவள் இலை போடுவதை நிறுத்திவிட்டாள். ஒன்றும் பெரிதாக நினைத்து நிறுத்தவில்லை. அன்றைக்கு முழங்கால் வலித்தது, அவ்வளவுதான்.

பிறகு கிழவர்கள் வருவதும் நின்றது. அடுத்த மழைக்காலம்வரை யாரும் வரவில்லை. பஸ் ஸ்டாண்டு கடைக்காரர்களுக்கே அது ஒரு மாதிரியாக இருந்தது. ஊர் மதலேனிடம் எதுவும் கேட்கவில்லை, ஆனால் அவள் தெருவில் நடக்கும்போது பேச்சைக் குறைத்துக்கொண்டது. அவள் மட்டும் காலையில் எழுந்ததும் முதல் வேலையாக டாக்டர் எங்கே நிற்கிறார் என்று பார்ப்பாள். அவர் தன் இடத்தில் சுவரோரமாக நிற்பதைப் பார்த்தால்தான் அடுப்பு மூட்டக் கை வரும்.

ஐப்பசியில் ஒரு மழை நாள். பிள்ளை குட்டி இல்லாமல் செத்துப்போன ஒரு தையல்காரரின் பாடைக்குப் பின்னால் நடப்பதற்காக நிக்கிறவங்க முக்கால்வாசிப் பேரை அழைத்துப்போய், தொப்பலாக நனைந்த நிலையில் அப்போதுதான் கொண்டுவந்து விட்டிருந்தார்கள். மதலேன் தரையைத் துடைத்துக்கொண்டிருந்தாள். வாசலில் நிழல் தட்டியது. மத்தியான பஸ்ஸில் வந்த இன்னொரு கிழவர். பழுப்புக் கோட்டு, நரைத்த தலை, நீர் சொட்டுகிறது. கையில் ஒன்றுமில்லை.

"மதலேனு, நாந்தான். இஞ்ஞாசி வந்திருக்கேன்."

மதலேனின் கையிலிருந்த துணி கீழே விழுந்தது. தமிழ். பேர். இத்தனை வருஷத்தில் முதல் தடவையாக ஒரு வேஷம் பேரோடு வந்திருக்கிறது! அவள் வாய்வரைக்கும் வந்த வார்த்தையை, பழக்கம் பிடித்து உள்ளே தள்ளியது. பதில் சொல்லிவிட்டால் பாவம், அந்தப் போலீஸ்காரருக்கு ஆனதுபோல ஆகிவிடும்; இந்த மனுஷர் வாழ்நாளெல்லாம் இதையே சொல்லிச் சொல்லித் தொண்டை வெடித்துப்போவார். அவள் இரண்டு கையாலும் வாயைப் பொத்திக்கொண்டாள்.

"மதலேனு. நாந்தான். இஞ்ஞாசி வந்திருக்கேன்" என்றார் கிழவர் மறுபடியும், கொஞ்சம் மெதுவாக.

அவள் பொத்திய கையை எடுக்கவில்லை. கண்ணிலிருந்து தண்ணீர் கொட்டியது, அவ்வளவு சந்தோஷம்.

மூன்றாவது தடவை அவர் சொன்னபோது குரலே எழும்பவில்லை. அவர் அவளைப் பார்த்தார். அவளுக்குப் பின்னால் சுவரோரமாக நின்ற வெயிட்டரை, டாக்சிக்காரரை, கைதியை, பெஞ்சில் கிடந்த சிப்பாயை, வரிசையாக நின்ற தன் வயசுக் கிழவர்களை ஒவ்வொருவராகப் பார்த்தார். கிழவர்கள் வரிசையில் ஓர் ஆள் நிற்கிற அளவுக்கு இடைவெளி இருந்தது. அவர் செருப்பைக் கழற்றி வைத்துவிட்டு, வெளிச்சத்தை மறைக்காமல் சுற்றிக்கொண்டு போய், அந்த இடைவெளியில் நின்றார்.

மதலேன் மழையில் நனைந்துகொண்டே மீன் கடைக்கு ஓடினாள். கொடுவா வாங்கினாள். வருகிற வழியெல்லாம் பார்த்தவர்களிடமெல்லாம், "பேரு வந்துருச்சு, பேரு வந்துருச்சு, இனிமே அவரே வந்துருவாரு" என்று சொன்னாள். வீட்டுக்கு வந்து மசாலா அரைத்து, குழம்பு கூட்டி, பெட்டியிலிருந்து கல்யாணப் பட்டுச்சேலையை எடுத்து உதறிக்கொண்டிருந்தபோது கதீஜா நாச்சியா தலையில் முந்தானையைப் போட்டுக்கொண்டு உள்ளே வந்தாள்.

"என்னடி, ஊரெல்லாம் ஒரே பேச்சா இருக்கு?"

"'மதலேனு, நாந்தான், இஞ்ஞாசி வந்திருக்கேன்'னு சொன்னாரு லாத்தா! நல்ல தமிழுல! ஒரு தடவ இல்ல, திருப்பித் திருப்பிச் சொன்னாரு!"

"நீ பதில் சொன்னியா?"

"நான் ஏன் சொல்றேன்? வாயே தொறக்கல."

கதீஜா நாச்சியா சிரித்துக்கொண்டே வந்தவள், அப்படியே நின்றாள்.

"நாம பதிலு சொல்லாம ஒரு நிக்கிறவரு என்னிக்குடி திருப்பிச் சொல்லிருக்காரு?"

மதலேன் வாசலைப் பார்த்தாள். வாசலில் ஒரு ஜோடிச் செருப்புக் கிடந்தது. நிக்கிறவங்க யாரும் இதுநாள்வரை செருப்பைக் கழற்றியதில்லை.

மதலேன் கூடத்துக்கு வந்தாள். கிழவர்கள் எல்லாரும் பழுப்புக் கோட்டில் நீர் சொட்டச் சொட்ட நின்றார்கள். கால்களைப் பார்த்தாள், சாவு ஊர்வலத்துச் சேற்றில் பூட்சுகளை விட்டுவிட்டு வந்தவர்கள் பாதிப்பேர், அவர்களுடையதெல்லாம் சேறு அப்பிய வெறுங்கால்கள். ஒவ்வொருவர் கையாகப் பிடித்துப் பார்த்தாள். ஒரு கையிலும் சூடு இல்லை, ஒரு கையிலும் குளிர்ச்சி இல்லை. ஒவ்வொருவர் முகத்துக்கும் நேராக நின்றாள். ஒவ்வொரு ஜோடிக் கண்ணும் அவள் தோளுக்கு மேலே, வேறு யாரையோ பார்த்தது. இவர்களில் ஒருவர் அவள் புருஷன். முப்பது வருஷத்துக்கு மேலாக, அடுத்தவர்களுக்குப் பின்னால் நிற்பதையே தொழிலாகச் செய்து, அதில் யாரும் குறை சொல்ல முடியாதபடி ஆகிவிட்ட ஒருவர்.

"புள்ள, வேண்டாம்" என்றாள் கதீஜா, அவள் என்ன செய்யப்போகிறாள் என்று தெரிந்து.

மதலேன் கேட்கவில்லை. கூடத்தின் நடுவில் நின்று, அந்த வீட்டில் அதுவரை யாரும் செய்யாததைச் செய்தாள். எல்லாருக்கும் ஒரே பதிலாக, தொண்டை கிழியக் கத்தினாள்: "என்னங்க! நான் இருக்கேங்க! முன்னால வாங்க!"

உடனே எல்லாரும் பேசத் தொடங்கினார்கள். தூ சுயித் முசியே, சிர்க்யூலே முசியே, தெசொலே மதாம், டாக்சி வேண்டுமா, பூ வேண்டுமா, ரயில் எத்தனை மணிக்கு, ஒரே தொண்டையிலிருந்து கிளம்பிய அத்தனை குரல்கள், இளம் குரலும் கிழக் குரலும், மேலும் மேலும், முதலிலிருந்து மறுபடியும். பெஞ்சில் கிடந்த சிப்பாய் எழுந்து உட்கார்ந்து, மறுபடி விழுந்து, மறுபடி செத்தார். கதீஜா காதைப் பொத்திக்கொண்டு ஓதத் தொடங்கினாள். மதலேன் அந்த இரைச்சலுக்குள் ஒரே ஒரு தமிழ்க் குரலைத் தேடினாள். அது இல்லை. பேசாமல் நின்றவர்களைத் தேடினாள். வசனமே தரப்படாத வேஷங்கள் பல இருந்தன. பல வாய்கள் மூடியிருந்தன. யாரும் முன்னால் வரவில்லை.

அந்த வசனங்கள் ஓய ஒரு மழைக்காலம் முழுக்க ஆயிற்று. வீதிக்காரர்கள் காதில் பஞ்சு வைத்துக்கொண்டு தூங்கினார்களே தவிர, ஒருவரும் வந்து குறை சொல்லவில்லை. மீன் கடைக்காரர் முதற்கொண்டு எல்லாருக்கும் என்ன நடந்தது என்று தெரிந்திருந்தது. வாசலில் கிடந்த செருப்பை யாரும் தொடவில்லை. அந்த வீட்டைக் கடக்கும்போது, தாங்களும்தான் வாயைப் பொத்தச் சொல்லிக் கொடுத்தோம் என்கிற நினைப்பில், தலையைக் குனிந்துகொண்டு போனார்கள்.

அன்று கத்தியதற்கு மறுநாள் மத்தியானத்திலிருந்தே மதலேன் மறுபடி சோறு வைக்கத் தொடங்கினாள். ஒரே ஒரு தட்டு, கிழவர்கள் வரிசைக்கு எதிரே. சோறு போட்டு, குழம்பு ஊற்றி, உட்கார்ந்து பார்த்துக்கொண்டிருந்தாள். யாரும் அசையவில்லை. அடுத்த நாளும் யாரும் அசையவில்லை. பார்க்கிற கண் இருந்தால் அவர்களால் வேஷம் கட்டத்தான் முடியும், கிழவர்களுக்கு வேஷம் நிற்பதுதான் என்பது அவளுக்கு மெல்லத்தான் புரிந்தது. அதன் பிறகு ஒருநாள், தட்டை வைத்துவிட்டு, அவர்கள் பக்கம் முதுகைக் காட்டி, வாசலைப் பார்த்து உட்கார்ந்துகொண்டாள்.

மழை விட்டிருந்தது. தெருவில் பள்ளிக்கூடம் விட்ட பிள்ளைகள் போனார்கள். இரைச்சலெல்லாம் அடங்கிக் கூடம் அமைதியாக இருந்தது. அவள் முதுகுக்குப் பின்னால் துணி உரசுகிற சத்தம் கேட்டது, முழங்கால் மடங்குகிற சத்தம் கேட்டது, பிறகு யாரோ சோறு மெல்லுகிற சத்தம்.

திரும்பிவிட வேண்டும் என்று கழுத்து நரம்பெல்லாம் துடித்தது. அவள் தாலியைக் கெட்டியாகப் பிடித்துக்கொண்டு வாசலையே பார்த்தாள்.

"உப்பு போதுமா?" என்று கேட்டாள், தெருவைப் பார்த்தபடி.

மெல்லுகிற சத்தம் நின்றது. அவள் கேட்டிருக்கக் கூடாதோ என்று பயந்தாள். பிறகு தரையில் தட்டு உரசி, கொஞ்சம் கொஞ்சமாக, அவள் பக்கம் முன்னால் தள்ளப்படுகிற சத்தம் கேட்டது. தட்டின் விளிம்பு வந்து அவள் இடுப்பில் லேசாக இடித்தது.

மதலேன் திரும்பிப் பார்க்காமல், பக்கத்தில் இருந்த சோற்றுப் பானையிலிருந்து ஒரு கரண்டி எடுத்து, கையைப் பின்னால் நீட்டிப் போட்டாள்.